புளிப்பு ஆப்பிளில் ஒரு கடைசல்

உடுமலையிலிருந்து ஒரு தங்கை கேட்டிருக்கிறார்: "போன வாரம் காந்தலூர் வந்திருந்தோம். தோட்டத்தில் பறித்த ஆப்பிள் என்று இரண்டு கிலோ வாங்கினோம். வீட்டில் ஒருத்தரும் தொடவில்லை, அவ்வளவு புளிப்பு. சரி, ஆப்பிள்சாஸ் செய்யலாம் என்று தோலைச் சீவி மிக்ஸியில் அரைத்தேன். அரைக்கும்போதே நுரை கட்டியது. கால் மணி நேரத்தில் பழுப்பாகி, அடியில் தண்ணீர் தனியாக நின்றது. எங்கே தப்பு செய்தேன்? வேகவைக்காமல் சட்டென்று செய்ய வழி உண்டா? எட்டு மாதக் குழந்தைக்குக் கொடுக்கலாமா? முட்டை போடாத கேக்குக்கு எவ்வளவு சேர்க்கணும் அக்கா?"

எங்கள் வீட்டுப் பின்னால் ஆப்பிள் மரம் நிற்கிறது. ஆடி, ஆவணியில் காய் இறங்கும்போது பாதி அணிலுக்கும் காற்றுக்கும் போக, விற்கவும் முடியாமல் தின்னவும் முடியாமல் கூடையில் கிடப்பதுதான் எங்களுக்கு மிச்சம். அதை வைத்துப் பல வருடம் குப்பை கொட்டிய அனுபவத்தில் எழுதுகிறேன்.

சாஸ் என்ற சொல்தான் முதலில் ஏமாற்றுகிறது. அதைக் கேட்டதும் தக்காளி சாஸ் பாட்டில் ஞாபகம் வரும், இல்லாவிட்டால் சட்னி போல அரைக்கிற ஏதோ ஒன்று என்று தோன்றும். உண்மையில் ஆப்பிள்சாஸ் ஒரு கடைசல். கீரையை, பருப்பை எப்படி முதலில் குழைய வேகவைத்து அப்புறம் மத்தால் கடைகிறோமோ, அதேதான். பச்சைக் கீரையை மிக்ஸியில் அடித்துவிட்டு "கீரைக் கடைசல்" என்று யாராவது இலையில் வைப்பார்களா? நீங்கள் ஆப்பிளுக்குச் செய்தது அதுதான். அடுப்பில் பத்துப் பதினைந்து நிமிடம், மிக்ஸியில் பத்து விநாடி. கணக்கு இவ்வளவே. நீங்கள் அடுப்பை விட்டுவிட்டு மிக்ஸியை மட்டும் பிடித்துக்கொண்டீர்கள்.

நுரை ஏன் வந்தது தெரியுமா? ஒரு ஆப்பிளை வாளித் தண்ணீரில் போட்டுப் பாருங்கள், மிதக்கும். மாம்பழம் மூழ்குகிற இடத்தில் இது மட்டும் மிதக்கக் காரணம், ஆப்பிள் சதைக்குள் கிட்டத்தட்ட கால் பங்கு காற்று. செல்லுக்கும் செல்லுக்கும் நடுவே பொடிப் பொடி இடைவெளியில் அது அடைந்து கிடக்கிறது. பச்சையாக அரைத்தால் அந்தக் காற்று அத்தனையும் கூழில் கலக்கும். மிக்ஸி பிளேடு மேலிருந்து இழுத்துவிடும் காற்று வேறு. வேகவைத்தால் துண்டு வாடி அமுங்கும்போதே உள்ளிருக்கிற காற்று வெளியேறிவிடும்.

பழுப்பு நிறம் நமக்குத் தெரிந்த கதைதான். வாழைக்காயை நறுக்கித் தண்ணீரில் போடுகிறோம், வாழைப்பூவை மோர்த் தண்ணீரில் போடுகிறோம், கத்தரிக்காயையும் அப்படியே. வெட்டுப்பட்ட இடத்தில் பாலிபீனால் ஆக்சிடேஸ் என்கிற நொதி காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து வேலை செய்கிறது, அதனால் கறுக்கிறது. கத்தியால் எட்டுத் துண்டு போட்டால் எட்டுத் துண்டின் மேற்பரப்பு மட்டும் கறுக்கும். மிக்ஸியில் போட்டால் ஒவ்வொரு செல்லும் வெட்டுப்படுகிறது, காற்றும் கூடவே கலக்கிறது. கால் மணி நேரம் தாங்கியதே பெரிது. புளிப்பு அந்த நொதியின் கையைக் கட்டிப்போடும், சூடு அதைக் கொன்றே விடும். அதனால் எலுமிச்சையைப் பிழிந்துவிட்டுச் சட்டென்று அடுப்பில் ஏற்றினால் நிறம் நிற்கும்.

தண்ணீர் பிரிந்ததற்குக் காரணம் பெக்டின். ஜாம் இறுகுவதற்குக் காரணமான அதே பொருள். பச்சை ஆப்பிளில் அது செல் சுவரோடு ஒட்டிக்கொண்டிருக்கும். பிளேடு சுவரை உடைக்குமே தவிர பெக்டினைக் கரைக்காது. வெந்தால்தான் அது கரைந்து இறங்கி, சாற்றைப் பிடித்து நிறுத்தி, அந்தக் கொழகொழப்பைக் கொடுக்கும். மிக்ஸியில் எத்தனை நேரம் ஓட்டினாலும் இது நடக்காது.

இனி ஆப்பிள். இங்கேதான் உங்களிடம் கொஞ்சம் சண்டை போட வேண்டியிருக்கிறது. காந்தலூர் ஆப்பிளைப் புளிப்பு என்று ஒதுக்கிவிட்டீர்களே, சாஸுக்கு அதுதான் ராஜா. மறையூரிலிருந்து மேலே ஏறினால் சுமார் ஐயாயிரம் அடி உயரத்தில் இருக்கிறது காந்தலூர். கேரளத்துக்குள் இருந்தாலும் மழை மறைவுப் பக்கம், அஞ்சுநாட்டுத் தமிழ்க் கிராமங்களில் ஒன்று. எங்களுக்கு ரேஷன் கார்டில் மலையாளம், அடுக்களையில் தமிழ். துணிமணி, பாத்திரம், மிக்ஸி ரிப்பேர் என்றால் சின்னாறு செக்போஸ்ட்டைத் தாண்டி உங்கள் உடுமலைக்குத்தான் இறங்குகிறோம். காஷ்மீர்க் குளிர் இங்கே கிடையாது. அதற்கேற்ற மாதிரிதான் காயும். சின்னதாக, பாதி பச்சையும் பாதி சிவப்புமாக, கடித்தால் கண்ணைச் சுருக்க வைக்கும். ஆனால் அடுப்பில் வைத்துப் பாருங்கள். அந்தப் புளிப்பு சர்க்கரையோடு சேரும்போது ஆப்பிள் வாசனை கூடத்துக்கு வந்து கூப்பிடும்.

கடையில் பளபளவென்று ஸ்டிக்கரோடு அடுக்கியிருக்கும் சிவப்பு டெலிசியஸ் வகை தின்பதற்கு இனிப்பு, சாஸ் ஆக்கினால் மொண்ணை. புளிப்பு குறைவு, வெந்தால் மாவு மாவாகப் போகும். அந்த வகை இந்தியாவில் வேரூன்றிய கதை சுவாரசியமானது. சாமுவேல் ஸ்டோக்ஸ் என்கிற அமெரிக்கர் 1904-ல் இந்தியா வந்து, இமாச்சலத்தில் கோட்கட் என்ற மலைக் கிராமத்தில் குடும்பமாகவே தங்கிவிட்டார். 1916 வாக்கில் அமெரிக்காவிலிருந்து டெலிசியஸ் கன்றுகளைக் கொண்டுவந்து நட்டார். பின்னால் சத்யானந்த் என்று பெயரையும் மாற்றிக்கொண்டார். இமாச்சல ஆப்பிள் வியாபாரத்துக்குப் பிள்ளையார் சுழி அவர் போட்டது. அவர் மேல் எனக்கு வருத்தம் ஒன்றுமில்லை, ஆனால் அவர் நட்டது தின்பதற்கான ஆப்பிள். சாஸ் ஆக்க அதுதான் கையில் கிடைத்தது என்றால் பச்சை நிறத்தில் வருகிற கிரானி ஸ்மித் ஒன்றிரண்டைக் கலந்துகொள்ளுங்கள், இல்லாவிட்டால் எலுமிச்சையைக் கூட்டுங்கள். இப்படி இரண்டு வகை கலப்பதுதான் எனக்குப் பிடித்தது. ஒன்று கரையும், ஒன்று மணக்கும்.

அடிபட்ட பழம் பரவாயில்லை, கன்றிப்போன இடத்தை மட்டும் வெட்டிவிடுங்கள். அழுகினது, பூஞ்சை பூத்தது என்றால் "பாதி நல்லாத்தானே இருக்கு" என்று மிச்சம் பிடிக்காதீர்கள். ஆப்பிள் அழுகலில் வரும் பூஞ்சை பாட்டுலின் என்கிற நச்சை விடுகிறது. வேகவைத்தாலும் அது முழுக்கப் போகாது, அழுகின இடத்தைத் தாண்டிச் சதைக்குள்ளும் பரவியிருக்கும். மாட்டுக்கும் போடாமல் குழியில் கொட்டிவிடுவேன்.

தோலா, சீவலா? மெழுகு பூசிய கடைப் பழம் என்றால் சீவிவிடுங்கள். வெதுவெதுப்பான நீரில் தேய்த்துக் கழுவினால் மெழுகு ஓரளவு போகும், ஆனால் தோல் சாதாரண மிக்ஸியில் நைசாக அரைபடாது, நாக்கில் பிளாஸ்டிக் பொடி போலத் தட்டும். தோட்டத்துப் பழம் என்றால் நான் ஒரு வேலை செய்வேன். சீவிய தோலை வெள்ளைத் துணியில் முடிச்சுப் போட்டுத் துண்டுகளோடு சேர்த்தே வேகவிடுவேன். பெக்டின் தோலில்தான் அதிகம். இறக்கும்போது முடிச்சைக் கரண்டியால் அழுத்திப் பிழிந்தால் சிவப்புத் தோலின் சாயம் இறங்கி, சாஸ் லேசான ரோஜா நிறத்தில் வரும். இரண்டு நிமிட வேலை, கண்ணுக்கு அவ்வளவு அழகு.

விதையை மட்டும் மறக்காமல் எடுங்கள். முழு விதை ஒன்றிரண்டு தெரியாமல் வயிற்றுக்குள் போனால் அப்படியே வெளியே வந்துவிடும். ஆனால் மிக்ஸி பிளேடு விதையை உடைக்கும். உள்ளே அமிக்டலின் என்ற பொருள் இருக்கிறது, உடைந்தால் அதிலிருந்து சயனைடு உண்டாகும். நாலு விதைக்கு யாருக்கும் ஒன்றும் ஆகிவிடாது, பயப்பட வேண்டாம். ஆனால் குழந்தைக்குக் கொடுக்கப் போகிற பண்டத்தில் அது எதற்கு? கசப்பும் வரும். மிக்ஸியில் செய்கிறவர்கள்தான் இதில் அதிகக் கவனமாக இருக்க வேண்டும்.

செய்முறை. ஒரு கிலோ ஆப்பிளைச் சீவி, நடுத்தண்டு, விதை எடுத்தால் எண்ணூறு கிராம் சொச்சம் தேறும். ஒரே அளவில், ஒரு அங்குலத்துக்குக் குறைவான துண்டுகளாக நறுக்குங்கள். நறுக்க நறுக்க ஒரு எலுமிச்சையில் பாதியைப் பிழிந்து புரட்டிவிடுங்கள், உங்கள் காந்தலூர்ப் பழத்துக்கு இரண்டு டீஸ்பூன் போதும். அடி கனத்த பாத்திரத்தில் போட்டு அரை டம்ளர், அதாவது நூறு மில்லி தண்ணீர். அதற்கு மேல் வேண்டாம். ஆப்பிளில் நூற்றுக்கு எண்பத்தைந்து பங்கு தண்ணீர்தான், அதுவே விட்டுக்கொள்ளும். மூடி போட்டுச் சிம்மில் பன்னிரண்டிலிருந்து பதினைந்து நிமிடம். நடுவில் இரண்டு தடவை கிளறினால் போதும். துண்டின் ஓரம் கண்ணாடி போலத் தெரிய ஆரம்பிக்கும், கரண்டியின் முதுகால் அழுத்தினால் எதிர்ப்பே காட்டாமல் அமுங்கும். அதுதான் பதம். எங்கள் உயரத்தில் தண்ணீர் தொண்ணூற்றைந்து டிகிரியிலேயே கொதித்துவிடுவதால் எனக்கு இன்னும் ஐந்து நிமிடம் கூடப் பிடிக்கும். உடுமலையில் அந்தத் தொல்லை இல்லை.

குக்கர்? எல்லோரும் கேட்பார்கள். துண்டுகளை நேரடியாகக் குக்கரில் போட்டு விசில் விடாதீர்கள். ஆப்பிள் பொங்கி நுரைத்து மேலே ஏறி வெயிட் துவாரத்தை அடைக்கக்கூடிய பண்டம். பருப்புக்கு அடுக்கு வைக்கிறோமே, அப்படிக் கீழே தண்ணீர் ஊற்றி, மேலே ஒரு கிண்ணத்தில் பாதிக்குக் குறைவாகத் துண்டுகளைப் போட்டுத் தட்டால் மூடி, ஒரு விசில். ஆவி தானாக அடங்கும் வரை விடுங்கள். கிண்ணத்துக்குள் தண்ணீரே விட வேண்டாம் என்பதால் சாஸ் கெட்டியாகவும் வரும். சொல்லப்போனால் அடுப்பு வழியைவிட எனக்கு இதுதான் பிடிக்கும். மைக்ரோவேவ் வைத்திருப்பவர்களுக்கு இன்னும் சுலபம். நாலு ஆப்பிள், இரண்டு ஸ்பூன் தண்ணீர், கண்ணாடிக் கிண்ணம், லேசாகத் திறந்த மூடி, ஐந்தாறு நிமிடம். "சட்டென்று" என்று நீங்கள் கேட்டதற்கு இதைவிடச் சட்டென்று ஒன்று என்னிடம் இல்லை.

அப்புறம்தான் மிக்ஸி. அதற்கு முன்னால் என் அடுக்களைச் சுவரின் கதையைக் கேளுங்கள். சில வருடத்துக்கு முன், ஓணம் விடுமுறை நேரம். வீட்டில் விருந்தாளிகள், அவசரம். கொதிக்கக் கொதிக்க ஆப்பிளை ஜார் நிறைய ஊற்றி, மூடியை ஒரு கையால் அமுக்கிக்கொண்டு சுவிட்சைத் திருப்பினேன். டொப் என்று ஒரு சத்தம். மூடி எங்கே போனது என்றே தெரியவில்லை. மணிக்கட்டில் கொப்புளம், தினசரிக் காலண்டரில் பிள்ளையார் முகம் முழுக்க ஆப்பிள். மாமியார் வந்து பார்த்துவிட்டு, "சாமிக்கு நைவேத்தியம் ஆச்சு, மனுசனுக்கு ஏதாவது மிச்சம் இருக்கா?" என்றார். காரணம் சுலபம். சூடான கூழுக்குள் பிளேடு சுற்றினதும் அதற்குள் இருக்கிற ஆவி ஒரே நேரத்தில் விடுபடும், மூடிய ஜாரில் போக வழி கிடையாது. எனவே கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிடுங்கள். தாம்பாளத்தில் பரப்பினால் பத்து நிமிடத்தில் ஆறும். ஜாரில் பாதிக்கு மேல் வேண்டாம்.

அரைப்பதைப் பற்றி ஒரே ஒரு விஷயம். ஒன்றாம் நம்பர், இரண்டாம் நம்பர் எதுவும் வேண்டாம். குமிழை எதிர்ப்பக்கம் திருப்பிப் பிடித்தால் மட்டும் ஓடி, விட்டதும் நிற்குமே, அந்த நிலையில் இரண்டிரண்டு விநாடியாக நாலைந்து தடவை. ஒவ்வொரு தடவைக்கும் நடுவில் கரண்டியால் ஓரத்தை வழித்துவிடுங்கள். குழந்தைக்கு என்றால் இன்னும் நாலு தடவை. அதற்கு மேல் ஓட்டினால் மறுபடி காற்று ஏறி வெளுத்துப்போகும், ஆப்பிளின் அந்த மணல் மணலான பதமும் போய் வெறும் கூழாகிவிடும். அமெரிக்காவில் பழைய வீடுகளில் இதற்கென்று கைப்பிடி சுற்றுகிற சல்லடை இயந்திரம் வைத்திருப்பார்கள். வெந்த ஆப்பிளைத் தோலோடு போட்டுச் சுற்றினால் சதை கீழே விழும், தோலும் விதையும் மேலே நிற்கும். நம் வீட்டில் அதற்குச் சமம் கீரை மத்தும் கல்சட்டியும். கரண்ட் போன ஒரு சாயங்காலம் என் மாமியார் சட்டியைக் காலுக்கு நடுவில் இடுக்கி, மத்தை நாலு தரம் சுழற்றிச் செய்து காட்டினார். மிக்ஸியில் செய்ததைவிட நன்றாக இருந்தது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். அங்கங்கே சின்னச் சின்னத் துண்டு பல்லில் தட்டும். இப்போது வீட்டில் பெரியவர்களுக்கு மத்து, பிள்ளைகளுக்கு மிக்ஸி.

இனிப்பை எப்போது சேர்ப்பது? வெந்த பிறகுதான். புளியை முன்னாலேயே ஊற்றினால் பருப்பு வேகாமல் முரண்டு பிடிக்குமே, அந்த மாதிரி சர்க்கரையை முன்னால் போட்டால் பழத்துண்டு கரையாமல் விறைத்துக்கொள்ளும். முரப்பாவுக்கு அது நல்லது, கடைசலுக்கு ஆகாது. கடைப் பழத்துக்குச் சர்க்கரையே வேண்டியதில்லை. எங்கள் மலைப் பழத்துக்குக் கிலோவுக்கு ஐம்பதிலிருந்து எழுபத்தைந்து கிராம். நான் மறையூர்ச் சர்க்கரை, அதாவது மறையூர் வெல்லம் போடுவேன். கையால் பிடித்த உருண்டை, மேலே விரல் தடம் தெரியும். 2019-ல் புவிசார் குறியீடு வாங்கியது. மறையூர்ப் பக்கம் போகும்போது கரும்பு ஆலைக் கொட்டகையில் பாகு காய்ச்சுகிற புகையைப் பார்த்திருப்பீர்கள். அந்த வெல்லத்தைக் கால் டம்ளர் தண்ணீரில் கரைத்து வடிகட்டி, அடுப்பை அணைத்த பிறகு கலக்க வேண்டும். நிறம் கறுக்கும், அதைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். வெளுப்பாக வேண்டுமென்றால் வெள்ளைச் சர்க்கரை, ருசியாக வேண்டுமென்றால் இது. ஒரு சிட்டிகை உப்பு, ஒரு துண்டு பட்டை. பட்டையை வேகும்போது போட்டு, அரைக்கும் முன் எடுத்துவிடுங்கள். வெள்ளைக்காரர்கள் பட்டையோடு நிறுத்திவிடுவார்கள். இடுக்கிக்காரி நான், ஏலக்காய் இல்லாமல் எனக்கு இறங்காது. ஒரு கிலோவுக்கு இரண்டு ஏலக்காய், அரைச் சிட்டிகை சுக்கு.

வேகவைக்காமல் செய்ய வழி உண்டா என்ற கேள்விக்கு வருகிறேன். உண்டு, ஆனால் அது வேறு பண்டம். ஃப்ரிட்ஜில் வைத்துக் குளிர்ந்த இனிப்பு ஆப்பிள் இரண்டு, ஒரு டேபிள்ஸ்பூன் எலுமிச்சைச் சாறு, இரண்டு ஸ்பூன் தண்ணீர். சின்னதாக நறுக்கி, மிக்ஸியை விட்டு விட்டு ஓட்டி அரைத்து, உடனே கிண்ணத்தில் ஊற்றி உடனே சாப்பிட வேண்டும். காலையில் தயிரோடு, வறுத்த அவலோடு நன்றாகவே இருக்கும். வைத்திருந்தால் நீங்கள் பார்த்த அதே காட்சிதான்.

எட்டு மாதக் குழந்தைக்குத் தாராளமாகக் கொடுக்கலாம், ஆறு மாதம் தாண்டியதும் திட உணவு ஆரம்பிப்பதுதானே. வேகவைத்ததையே கொடுங்கள். சர்க்கரை, வெல்லம், உப்பு எதுவும் வேண்டாம். தேன் ஒரு வயது முடியும் வரை நாக்கில் தடவக்கூடக் கூடாது. தேனில் பொட்டுலிசம் என்ற நோயை உண்டாக்கும் கிருமியின் வித்து இருக்கலாம், குழந்தையின் குடலுக்கு அதைச் சமாளிக்கத் தெரியாது. முதல் நாள் இரண்டு ஸ்பூன். மூன்று நாள் வேறு புது உணவு எதுவும் தராமல் பார்த்துக்கொண்டால், ஒத்துக்கொள்கிறதா என்று தெளிவாகத் தெரியும். வேகவைக்காத ஆப்பிள் துண்டைக் கையில் கொடுத்துவிடாதீர்கள், தொண்டையில் அடைக்கிற பண்டங்களில் அது முக்கியமானது. குழந்தைக்கு மலம் இறுகிப் போகிற பழக்கம் இருந்தால் இதைத் தினமும் கொடுக்காமல் டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள். குழந்தைக்கு எடுத்து வைப்பது தனிக் கிண்ணம், தனி ஸ்பூன், இரண்டு நாளுக்குள் தீர்த்துவிட வேண்டும். வாயில் வைத்த ஸ்பூனை மறுபடி கிண்ணத்துக்குள் விட்டுவிட்டு மிச்சத்தைப் பாதுகாப்பதில் அர்த்தமில்லை.

கேக்குக்கு ஒரு முட்டைக்கு கால் கப், அறுபது கிராம் வாக்கில். இனிப்பு சேர்க்காத, கெட்டியான சாஸ். தண்ணியாக இருந்தால் வாணலியில் ஐந்து நிமிடம் வற்றவிடுங்கள். இரண்டு முட்டை வரை இது ஈடுகொடுக்கும், மூன்று நாலு முட்டை போடுகிற கேக்கில் இதை நம்பினால் களி மாதிரி வரும். முட்டை மேலே எழுப்பிவிடும், ஆப்பிள் ஈரப்பதம் மட்டுமே தரும். அதனால் பேக்கிங் பவுடரை அரை டீஸ்பூன் கூட்டுங்கள். எண்ணெய்க்குப் பதிலாகவும் போடலாம் என்று சொல்வார்கள். முழு எண்ணெயையும் எடுத்துவிட்டால் கேக் ரப்பராகும். பாதி எண்ணெய், பாதி ஆப்பிள் என்பது என் கணக்கு. சாக்லேட் கேக்கில் வித்தியாசமே தெரியாது.

வேறு எதற்கு என்று நீங்கள் கேட்கவில்லை, இருந்தாலும் இரண்டு கிலோ ஆப்பிளில் ஒன்றரைக் கிலோ சாஸ் வரும், என்ன செய்வீர்கள்? அமெரிக்கர்கள் பன்றி இறைச்சியோடு தொட்டுக்கொள்வார்கள். பக்கத்து வீட்டுச் சேச்சியிடம் ஒரு கிண்ணம் கொடுத்தேன், அவர் கிறிஸ்துமஸுக்குத் தேங்காய்க் கொத்து போட்டு வறுத்த பன்றிக்கறியோடு வைத்துச் சாப்பிட்டுவிட்டு, அடுத்த வருடம் ஆப்பிள் இறங்கும் முன்னாலேயே பாத்திரத்தை அனுப்பிவிட்டார். ஜெர்மானியர்கள் உருளைக்கிழங்கைத் துருவிச் சுடுகிற அடைக்குத் தொட்டுக்கொள்வார்களாம். யூதர்களும் ஹனுக்கா பண்டிகையில் அப்படித்தான். இதைக் கேள்விப்பட்டதும் எனக்கு நம் அடை ஞாபகம் வந்தது. அடைக்கு வெல்லமும் வெண்ணெயும் வைக்கிறவர்கள்தானே நாம்? முருங்கைக்கீரை போட்டு மொறுமொறுவென்று சுட்ட அடை, ஒரு சொட்டு வெண்ணெய், பக்கத்தில் இந்த ஆப்பிள் கடைசல். காரமும் புளிப்பும் இனிப்புமாக ஒரே விள்ளலில். எங்கள் வீட்டில் சாஸ் தீர்வது இந்த வழியில்தான். சாஸ் ரொம்பப் புளித்துவிட்டால் தயிரில் கலக்கி, தேங்காயும் பச்சை மிளகாயும் கடுகும் சேர்த்து அரைத்து, ஒரு கொதி விட்டுத் தாளித்தால் சத்யா என்கிற கேரள விருந்து இலையில் வைக்கிற அன்னாசிப் பச்சடிக்குத் தங்கச்சி.

வைப்பதற்குக் கழுவிக் காயவைத்த கண்ணாடி பாட்டில், ஈரமில்லாத ஸ்பூன். ஃப்ரிட்ஜில் ஒரு வாரம். மிச்சத்தை ஐஸ் தட்டில் ஊற்றி உறையவிட்டு, கட்டிகளைப் பையில் போட்டு வைத்தால் இரண்டு மூன்று மாதம் தாங்கும். ஒரு கட்டி ஏறக்குறைய ஒன்றிலிருந்து இரண்டு டேபிள்ஸ்பூன். குழந்தைக்கு அளவு எடுக்கவும் வசதி. எங்களுக்கு அந்த வசதியும் பாதிதான். மழைக்காலத்தில் மரம் ஒடிந்து லைனில் விழுந்தால் இரண்டு நாள் கரண்ட் இருக்காது. அதனால் நான் ஒரு கிலோவுக்கு மேல் ஒரே நேரத்தில் செய்வதில்லை.

நீங்கள் அரைத்து வைத்த அந்தப் பழுப்புக் கூழைக் கொட்டிவிட்டீர்களா? அன்றைக்கே ஃப்ரிட்ஜுக்குள் போய், விதையில்லாமல் அரைத்ததாக இருந்தால், அடி கனத்த பாத்திரத்தில் ஊற்றி, ஒரு துண்டு பட்டை போட்டு, திறந்தபடியே பத்து நிமிடம் சிம்மில் கிளறுங்கள். நுரை அடங்கும், தண்ணீர் சேர்ந்துகொள்ளும். நிறம் மட்டும் திரும்பி வராது, அதற்கு ஒரு உருண்டை மறையூர்ச் சர்க்கரையைக் கரைத்து ஊற்றிவிட்டால் முதலிலிருந்தே அந்த நிறம்தான் என்று சொல்லிக்கொள்ளலாம். விதையோடு அரைத்திருந்தால் யோசிக்காமல் கொட்டிவிட்டு மீதி ஆப்பிளை எடுங்கள்.